சிறுவர் சாட்சியமும் மேல்முறையீட்டு நீதிமன்றங்களும் (இந்தியா)

சிறுவர் சாட்சிய மேல்முறையீட்டு ஆய்வு என்பது, சிறார்க்கு எதிரான குற்ற வழக்குகளிலும், சிறுவர் ஒருவரே முதன்மைச் சாட்சியாக உள்ள வழக்குகளிலும், விசாரணை நீதிமன்றம் பதிவு செய்த சாட்சியத்தை உயர் நீதிமன்றமும் உச்ச நீதிமன்றமும் மீண்டும் எடை போடும் முறையைக் குறிக்கும். இந்தியாவில் இதற்கெனத் தனிச் சட்டம் எதுவும் இல்லை. சான்றுச் சட்டம், குற்றவியல் நடைமுறைச் சட்டம், 2012 ஆம் ஆண்டின் பாலியல் குற்றங்களிலிருந்து குழந்தைகளைப் பாதுகாக்கும் சட்டம் (போக்சோ), ஏறத்தாழ முக்கால் நூற்றாண்டாக வெளிவந்துள்ள தீர்ப்புகள் ஆகியவற்றிலிருந்தே இதன் விதிகள் உருவாகியுள்ளன.

பொதுவான குற்ற மேல்முறையீட்டிலிருந்து இது வேறுபடும் இடம் ஒன்று உண்டு. மேல்முறையீட்டு நீதிபதி சாட்சியைப் பார்ப்பதில்லை. தட்டச்சு செய்யப்பட்ட வாக்குமூலத்தையே படிக்கிறார். சாட்சி வளர்ந்தவராக இருந்தாலும் இது ஒரு குறையே. ஆனால் ஐந்து வயதுக் குழந்தை சொன்னதில் பெரும்பகுதி அதன் முகத்திலும் கையசைவிலும் மௌனத்திலும் இருக்கக்கூடும். அவை காகிதத்தில் ஏறுவதில்லை.

தீர்ப்புகளின் பெயர்களில் வழக்காடியவர்களின் பெயர்கள் இடம்பெறுவதால், இக்கட்டுரையில் வழக்குகள் மாநிலம், ஆண்டு ஆகியவற்றைக் கொண்டே குறிக்கப்படுகின்றன.

சாட்சியாகும் தகுதி

1872 ஆம் ஆண்டின் இந்தியச் சான்றுச் சட்டம், பிரிவு 118 இல், சாட்சி சொல்வதற்குக் குறைந்தபட்ச வயது எதையும் விதிக்கவில்லை. கேட்கப்படும் கேள்வியைப் புரிந்துகொண்டு அறிவுக்குப் பொருந்தும் விடை தர இயலுமா என்பதே சோதனை. இளவயது, முதுமை, நோய் ஆகியவற்றால் அது இயலாது என்று நீதிமன்றம் கருதினால் மட்டுமே ஒருவர் தகுதியற்றவர் ஆகிறார். 2024 சூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய சாக்ஷிய அதிநியத்தின் பிரிவு 124 இதே விதியைத் தொடர்கிறது.

உறுதிமொழி வேறு செய்தி. 1969 ஆம் ஆண்டின் உறுதிமொழிச் சட்டத்தின்படி, 12 வயதுக்குக் குறைந்த சாட்சி உண்மை பேச வேண்டிய கடமையைப் புரிந்துகொண்டு, உறுதிமொழியின் தன்மையைப் புரிந்துகொள்ளவில்லை என்று நீதிமன்றம் கருதினால், உறுதிமொழி இன்றியே சாட்சியம் பெறலாம். இதனால்தான் விசாரணை நீதிபதி முதலில் குழந்தையிடம் பெயர், வகுப்பு, பள்ளி, பொய் சொன்னால் என்ன ஆகும் என்பன போன்ற கேள்விகளைக் கேட்டு, விடைகளையும் தம் முடிவையும் குறித்து வைக்கிறார். இது முன்விசாரணை எனப்படும்.

இந்த முன்விசாரணைக் குறிப்புதான் மேல்முறையீட்டில் முதலில் புரட்டிப் பார்க்கப்படும் பக்கம். 2008 ஆம் ஆண்டின் மகாராட்டிர வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம், குழந்தையின் நடத்தையையும் அறிவையும் நேரில் கண்ட விசாரணை நீதிபதியின் முடிவே முதன்மையானது என்றும், அம்முடிவு தவறானது என்று பதிவேட்டிலிருந்தே தெளிவாகத் தெரிந்தால் மட்டும் மேல்நீதிமன்றம் அதில் தலையிடலாம் என்றும் கூறியது. இவ்விதியின் வேர் அமெரிக்காவில் உள்ளது. 1895 இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம், கொலை வழக்கு ஒன்றில் ஐந்தரை வயதுச் சிறுவனின் சாட்சியத்தை ஏற்றபோது ஏறக்குறைய இதே சொற்களில் இதனை வகுத்தது. இந்தியத் தீர்ப்புகள் இன்றளவும் அந்த வழக்கைச் சுட்டுகின்றன.

குறிப்பு போதுமானதாக இல்லையெனில் என்ன நேரும் என்பதற்கு 2023 ஆம் ஆண்டின் அரியானா வழக்கு எடுத்துக்காட்டாகும். கொலை ஒன்றை நேரில் கண்டதாகக் கூறிய சிறுவனின் சொல்லே அவ்வழக்கின் தூண். விசாரணை நீதிபதி அவனிடம் பெயரளவிற்குச் சில கேள்விகளை மட்டும் கேட்டுவிட்டுச் சாட்சியத்தைப் பதிவு செய்திருந்தார். சொல்லிக்கொடுத்துப் பேச வைத்திருக்கலாம் என்ற ஐயமும் சேர்ந்ததால், அச்சாட்சியத்தின் மீது தண்டனையை நிறுத்த இயலாது எனக் கூறி உச்ச நீதிமன்றம் தண்டனையை நீக்கியது. சிறுவன் பொய் சொன்னான் என்று நீதிமன்றம் கூறவில்லை என்பது கவனிக்கத்தக்கது. அவன் சொன்னது மெய்யா என்று அறிவதற்கான வழியை விசாரணை நீதிமன்றம் ஏற்படுத்தவில்லை என்பதே குறை.

1952 ஆம் ஆண்டின் இராசத்தான் வழக்கு

இத்துறையின் அடித்தளம் இவ்வழக்கு. எட்டு வயதுச் சிறுமியிடம் பாலியல் வன்முறையில் ஈடுபட்டதாகக் குற்றம் சாட்டப்பட்ட ஒருவருக்குத் துணை அமர்வு நீதிபதி தண்டனை வழங்கினார். மேல்முறையீட்டில் அமர்வு நீதிபதி வியப்பான ஒரு நிலையை எடுத்தார். குற்றம் நடந்தது என்று மனச்சான்றின்படி தாம் நம்புவதாகவும், ஆனால் குழந்தையின் சொல்லுக்கு ஒத்துறுதிச் சான்று வேண்டும் எனச் சட்டம் கேட்பதாகவும், அது இல்லாததால் விடுவிப்பதாகவும் தீர்ப்பளித்தார். அரசு மேல்முறையீடு செய்தது. உயர் நீதிமன்றம் தண்டனையை மீட்டது. வழக்கு உச்ச நீதிமன்றத்தை அடைந்தது.

நீதிபதி விவியன் போசு எழுதிய தீர்ப்பு மூன்று செய்திகளை நிலைநாட்டியது. முதலாவது, உறுதிமொழி வாங்கத் தவறியது சாட்சியின் தகுதியைப் பாதிக்காது; நம்பகத்தன்மையை எடை போடும்போது மட்டும் அதனைக் கருதலாம். இரண்டாவது, ஒத்துறுதிச் சான்று கட்டாயம் என்பது சட்ட விதி அன்று. ஒத்துறுதியின்றித் தண்டிப்பதில் உள்ள இடர் நீதிபதியின் மனத்தில் இருக்க வேண்டும், அவ்வாறு இருந்தது என்பது தீர்ப்பில் தெரிய வேண்டும் என்பதே விதி. மூன்றாவது, நிகழ்வு நடந்த சில மணி நேரத்திற்குள் குழந்தை தன் தாயிடம் சொன்னதும் ஒத்துறுதியாக ஏற்கத்தக்கது.

மூன்றாவது கருத்து முதலில் படிப்பவருக்குச் சற்று முரணாகத் தோன்றலாம். குழந்தை தானே சொன்னதை, குழந்தை சொன்னதற்கு ஆதாரமாக எப்படிக் கொள்வது? விடை சான்றுச் சட்டத்தின் பிரிவு 157 இல் உள்ளது. நிகழ்வு நடந்த நேரத்தை ஒட்டிச் சாட்சி கூறிய முன்கூற்று, பின்னாளில் நீதிமன்றத்தில் அவர் கூறுவதை உறுதிப்படுத்தப் பயன்படலாம் என்கிறது அப்பிரிவு. கற்பித்துப் பேச வைப்பதற்கு நேரம் கிடைப்பதற்கு முன்பே சொல்லப்பட்டது என்பதுதான் அதன் மதிப்பு. இன்றும் மேல்முறையீட்டு நீதிமன்றங்கள், குழந்தை முதன்முதலில் யாரிடம், எப்போது, எந்தச் சொற்களில் கூறியது என்பதைத் தேடிப் பார்ப்பது இதனால்தான்.

மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் அதிகார எல்லை

தண்டனைக்கு எதிரான முதல் மேல்முறையீட்டில் உயர் நீதிமன்றம் சாட்சியம் முழுவதையும் புதிதாக ஆராயக் கடமைப்பட்டது. போக்சோ வழக்குகளை விசாரிக்கும் சிறப்பு நீதிமன்றம் அமர்வு நீதிமன்றத் தரத்திலானது என்பதால், அதன் தீர்ப்பின் மீதான மேல்முறையீடு நேரே உயர் நீதிமன்றத்திற்குச் செல்கிறது. மரணதண்டனை விதிக்கப்பட்டால், குற்றவாளி மேல்முறையீடு செய்தாலும் செய்யாவிட்டாலும், உயர் நீதிமன்றம் உறுதி செய்யாமல் அதனை நிறைவேற்ற இயலாது. உச்ச நீதிமன்றம் அரசியலமைப்பின் 136 ஆவது உறுப்பின் கீழ் சிறப்பு அனுமதியுடன் வழக்கைக் கேட்கிறது. அங்கே சாட்சியத்தை மறுபடி எடை போடுவது வழக்கமன்று. கீழ்த்தீர்ப்பு நெறி பிறழ்ந்ததாக இருந்தால் மட்டும் அது நிகழும். உயர் நீதிமன்றம் விடுதலையைப் புரட்டி ஆயுள் தண்டனையோ பத்தாண்டுகளோ அதற்கு மேலோ விதித்தால், உச்ச நீதிமன்றத்தில் மேல்முறையீடு உரிமையாகவே கிடைக்கிறது.

விடுதலைக்கு எதிரான மேல்முறையீட்டின் அளவுகோல் வேறு. 1934 இல் இலண்டன் பிரிவி கவுன்சில் இதற்கான அடிப்படையை வகுத்தது. உயர் நீதிமன்றத்திற்குச் சாட்சியத்தை ஆராய முழு அதிகாரம் உண்டு; ஆனால் சாட்சிகளின் நம்பகத்தன்மை பற்றிய விசாரணை நீதிபதியின் கருத்து, குற்றம் சாட்டப்பட்டவர் குற்றமற்றவர் என்ற அனுமானம், ஐயத்தின் பலன், சாட்சிகளை நேரில் கண்ட நீதிபதியின் முடிவை மாற்றுவதில் காட்ட வேண்டிய தயக்கம் ஆகிய நான்கையும் அது மனத்தில் கொள்ள வேண்டும். 2007 ஆம் ஆண்டின் கருநாடக வழக்கில் உச்ச நீதிமன்றம் இவற்றைத் தொகுத்துரைத்தது. விடுதலையால் குற்றமற்றவர் என்ற அனுமானம் இரட்டிப்பாகிறது என்றும், சாட்சியத்திலிருந்து நியாயமான இரு முடிவுகள் சாத்தியமெனில் விடுதலையைக் கலைக்கலாகாது என்றும் கூறியது.

2009 இறுதி வரை, விடுதலையை எதிர்க்கும் வாய்ப்பு பெரும்பாலும் அரசிடமே இருந்தது. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 372 இல் சேர்க்கப்பட்ட காப்புரை, பாதிக்கப்பட்டவரே மேல்முறையீடு செய்ய வழி திறந்தது. குழந்தையின் சார்பில் பெற்றோரோ பாதுகாவலரோ இதனைச் செய்யலாம். இதற்கு முன் அனுமதி பெறத் தேவையில்லை என்று 2018 இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

சொல்லிக்கொடுத்துப் பேசுதல்

குழந்தைச் சாட்சியத்தின் மீது எதிர்த்தரப்பு வைக்கும் முதற் குற்றச்சாட்டு, அது சொல்லிக்கொடுக்கப்பட்டது என்பதாகும். 1998 இல் உத்தரப் பிரதேச வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம், பிறர் சொல்வதைக் கேட்டு மாறக்கூடிய இயல்பு குழந்தைகளுக்கு உண்டு என்பதால் அவர்களின் சாட்சியத்தை மிகுந்த கவனத்துடன் ஆராய வேண்டும் என்றது. அதே வேளையில், நம்பத்தக்கதாக இருந்தால் குழந்தையின் தனிச் சாட்சியமே தண்டனைக்குப் போதும் என 1997 ஆம் ஆண்டின் மகாராட்டிர வழக்கு கூறுகிறது. இரண்டையும் சேர்த்தே படிக்க வேண்டும். ஒன்றை மட்டும் மேற்கோள் காட்டி வாதிடுவது நீதிமன்றங்களில் அன்றாடக் காட்சி.

குறுக்கு விசாரணையில் குழந்தையிடம் பெரும்பாலும் கேட்கப்படும் கேள்வி, "இங்கே என்ன சொல்ல வேண்டும் என்று யாராவது சொல்லிக்கொடுத்தார்களா?" என்பது. அம்மா சொன்னார், காவலர் சொன்னார் என்று குழந்தை வெள்ளையாக ஒப்புக்கொள்ளும். வளர்ந்த சாட்சி இவ்வாறு ஒப்புக்கொள்வது அரிது. நீதிமன்றம் எப்படி இருக்கும், நடந்ததை அங்கே சொல்ல வேண்டும் என்று தாய் எடுத்துக்கூறுவது சொல்லிக்கொடுத்தல் ஆகாது. நடக்காத ஒன்றை நடந்ததாகச் சொல்ல வைப்பதே அது. இந்த வேறுபாட்டைப் பல விசாரணைத் தீர்ப்புகள் தவற விட்டுள்ளன.

2011 ஆம் ஆண்டின் மத்தியப் பிரதேச வழக்கில், கொலை ஒன்றைக் கண்ட எட்டு வயதுச் சிறுமியின் சாட்சியத்தை உயர் நீதிமன்றம் ஒதுக்கி, குற்றம் சாட்டப்பட்டோரை விடுவித்திருந்தது. உச்ச நீதிமன்றம் அதனைப் புரட்டித் தண்டனையை மீட்டது. சொல்லிக்கொடுத்தல் நடந்ததா என்பதை வெளிக் காரணங்களைக் கொண்டு ஊகிப்பதைக் காட்டிலும், சாட்சியத்தின் உள்ளடக்கத்திலிருந்தே அறிய வேண்டும் என்பது அத்தீர்ப்பின் மையம்.

அதே மாநிலத்திலிருந்து வந்த மற்றொரு வழக்கில், 2025 பிப்பிரவரி 24 அன்று உச்ச நீதிமன்றம் இதனை மேலும் விரித்துரைத்தது. தாயின் கொலையைக் கண்ட ஏழு வயது மகளின் சாட்சியத்தை நம்ப மறுத்து உயர் நீதிமன்றம் தந்தையை விடுவித்திருந்தது. காவல்துறை சிறுமியின் வாக்குமூலத்தைப் பல நாள் கழித்தே பதிவு செய்தது என்பது ஒரு காரணம். உச்ச நீதிமன்றம் விடுதலையை நீக்கியது. சொல்லிக்கொடுத்தல் என்று வாதிடுவோர், அதற்கான வாய்ப்பு இருந்தது என்பதையும், அவ்வாறு நடந்திருக்க நியாயமான சாத்தியம் உண்டு என்பதையும் காட்ட வேண்டும். வெறும் குற்றச்சாட்டு போதாது. ஒரு பகுதி கற்பிக்கப்பட்டதாகத் தோன்றினாலும், அதனைப் பிரித்தெடுத்துவிட்டு மீதியை நம்பலாம் என்றும் அத்தீர்ப்பு கூறுகிறது.

எதிர்த்திசையில் 2019 ஆம் ஆண்டின் சத்தீசுகர் வழக்கைச் சொல்ல வேண்டும். ஐந்து பெண்கள் கொல்லப்பட்ட அவ்வழக்கில் ஒன்பது வயதுச் சிறுமியின் சொல்லைக் கொண்டு மரணதண்டனை விதிக்கப்பட்டு, உயர் நீதிமன்றத்தாலும் உறுதி செய்யப்பட்டிருந்தது. சிறுமி கொலையை நேரில் கண்டவரல்லர் என்பதை உச்ச நீதிமன்றம் சுட்டிக்காட்டியது. போதிய ஒத்துறுதியும் இல்லாததால் குற்றம் சாட்டப்பட்டவர்கள் விடுவிக்கப்பட்டனர். விசாரணை நீதிமன்றத்தையும் உயர் நீதிமன்றத்தையும் கடந்து தூக்கு மேடையின் அருகே சென்ற பிறகே சாட்சியத்தின் இவ்வெற்றிடம் தீர்ப்பை மாற்றியது.

கேள்வி கேட்கும் முறையே குழந்தையின் நினைவை மாற்றிவிடலாம் என்பதில் அமெரிக்காவின் நியூ செர்சி மாநிலத்து மழலையர் பள்ளி வழக்கு ஒரு திருப்புமுனை. புலனாய்வாளர்கள் விடையைத் திணிக்கும் கேள்விகளைத் திரும்பத் திரும்பக் கேட்டிருந்தனர். ஆசிரியை மீதான தண்டனையை மேல்முறையீட்டு நீதிமன்றம் 1993 இல் நீக்கியது. மாநில உச்ச நீதிமன்றம் 1994 இல் அதனை உறுதி செய்து, இத்தகைய வழக்குகளில் சாட்சியம் கறைபட்டதா என்பதை விசாரணைக்கு முன்பே தனியாக ஆராய வேண்டும் என்றது. இந்தியாவில் இப்படிப்பட்ட தனி விசாரணை இல்லை. எல்லாம் குறுக்கு விசாரணையின் மீதும், பின்னர் மேல்முறையீட்டின் மீதும் விழுகிறது.

மௌனமும் பதிவேடும்

அமர்வு நீதிமன்றங்களில் சாட்சியம் பொதுவாகக் கதை வடிவில் பதிவு செய்யப்படுகிறது. நீதிபதி விரும்பினால் கேள்வி-விடை வடிவில் எழுதலாம். குழந்தைச் சாட்சியைப் பொறுத்தவரை இத்தேர்வு சிறு செய்தி அன்று. "அந்த மாமா என்னைக் கூட்டிட்டுப் போனாரு" என்று குழந்தை சொன்னது, "எதிரி என்னை அழைத்துச் சென்றார்" என்று தட்டச்சாகிறது. பின்னர் மேல்முறையீட்டிற்காக ஆங்கிலத்தில் மொழிபெயர்க்கப்படுகிறது. அதைப் படிக்கும் நீதிபதிக்குச் சட்டம் படித்த ஒருவர் பேசுவது போல் தோன்றும். உடனே சொல்லிக்கொடுத்தல் என்ற வாதம் எழும். சாட்சியின் தோற்றம், தயக்கம் முதலியவற்றைக் குறித்து வைக்கச் சட்டம் நீதிபதிக்கு இடம் தந்துள்ளது (முந்தைய குற்றவியல் நடைமுறைச் சட்டம், பிரிவு 280). பல பதிவேடுகளில் அப்பகுதி வெறுமையாகவே இருக்கிறது.

அது வெறுமையாக இல்லாமல் இருந்ததால் காப்பாற்றப்பட்ட வழக்கு ஒன்று உண்டு. 1986 மார்ச்சில் இராசத்தானில் ஒரு சிறுமி பாலியல் வன்முறைக்கு உள்ளானாள். 1987 இல் விசாரணை நீதிமன்றம் குற்றவாளிக்கு ஏழு ஆண்டுச் சிறைத்தண்டனை வழங்கியது. சிறுமி சாட்சிக் கூண்டில் ஏற்றப்பட்டபோது நிகழ்வைப் பற்றி எதுவும் பேசவில்லை. கேட்கும்போதெல்லாம் சத்தமின்றிக் கண்ணீர் விட்டாள் என்று விசாரணை நீதிபதி குறித்து வைத்திருந்தார். மேல்முறையீடு உயர் நீதிமன்றத்தில் கால் நூற்றாண்டு கிடந்தது. 2013 இல் உயர் நீதிமன்றம், பாதிக்கப்பட்டவரே எதுவும் சொல்லவில்லை என்பதை முதன்மையாகக் கொண்டு, ஆறு பக்கத் தீர்ப்பில் குற்றவாளியை விடுவித்தது.

2025 மார்ச் 18 அன்று உச்ச நீதிமன்றம் அவ்விடுதலையை நீக்கியது. குழந்தையின் மௌனத்தை, வளர்ந்த ஒருவர் தெரிந்தே காக்கும் மௌனத்திற்கு இணையாக வைக்க இயலாது என்றும், அந்தக் கண்ணீர் குற்றம் சாட்டப்பட்டவருக்குச் சாதகமாகாது என்றும் நீதிமன்றம் கருதியது. ஆனால் மௌனத்தைக் கொண்டு மட்டும் தண்டனையை மீட்கவில்லை. மருத்துவச் சான்றும், நிகழ்விடத்திற்கு வந்தவரின் சாட்சியமும், பிற சூழ்நிலைகளும் குற்றத்தை நிறுவினவா என்று பார்த்த பின்னரே மீட்டது. முதல் மேல்முறையீட்டு நீதிமன்றமாக இருந்தும் உயர் நீதிமன்றம் சாட்சியத்தைத் தனியே ஆராயவில்லை என்பதையும், தீர்ப்பில் பாதிக்கப்பட்டவரின் பெயரை வெளியிட்டதையும் உச்ச நீதிமன்றம் கண்டித்தது. நிகழ்வுக்கும் இறுதித் தீர்ப்புக்கும் இடையே 39 ஆண்டுகள் சென்றிருந்தன.

முரண்பாடுகளும் தாமதமும்

தேதி, நேரம், வண்டியின் நிறம் போன்றவற்றில் குழந்தைகளின் வாக்குமூலங்கள் ஒன்றுக்கொன்று மாறுபடுவது இயல்பு. கனடிய உச்ச நீதிமன்றம் 1992 இல், சுற்று விவரங்களில் உள்ள இத்தகைய முரண்களைக் குழந்தையின் வயதைக் கருதியே எடை போட வேண்டும் என்றும், அதற்காக நம்பகத்தன்மையின் தரத்தைக் குறைக்க வேண்டியதில்லை என்றும் கூறியது. இந்திய நீதிமன்றங்களும் ஏறக்குறைய இதே இடத்தில்தான் நிற்கின்றன.

1996 ஆம் ஆண்டின் பஞ்சாப் வழக்கு இதற்குப் புகழ்பெற்றது. தேர்வு எழுதிவிட்டுத் திரும்பிய, 16 வயது நிறையாத பத்தாம் வகுப்பு மாணவி காரில் கடத்தப்பட்டார். காரின் வகையை அவர் சரியாகச் சொல்லவில்லை, வழியில் கூச்சலிடவில்லை, மறுநாள் தோழியரிடமோ ஆசிரியரிடமோ சொல்லாமல் வீட்டிற்குச் சென்று தாயிடமே சொன்னார் என்றெல்லாம் காரணம் காட்டி, விசாரணை நீதிமன்றம் குற்றம் சாட்டப்பட்டோரை 1985 இல் விடுவித்தது. மாணவியின் ஒழுக்கத்தைப் பற்றியும் ஆதாரமின்றிக் கருத்துரைத்தது. உச்ச நீதிமன்றம் ஒவ்வொரு காரணத்தையும் எடுத்து உடைத்தது. சிற்றூர்ப் பெண்ணுக்குக் காரின் வகை தெரியாதது எவ்வகையிலும் ஐயத்திற்குரியதன்று. தாயிடம் முதலில் சொன்னது மிக இயல்பானது. பாதிக்கப்பட்ட பெண்ணைக் குற்றத்தின் உடந்தையாளரைப் போல் நடத்தி ஒத்துறுதி கேட்பது அவமதிப்பு என்றும், காயம்பட்ட சாட்சிக்குரிய மதிப்பை அவருக்குத் தர வேண்டும் என்றும் நீதிபதி ஏ. எசு. ஆனந்து எழுதினார். அனைவரும் தண்டிக்கப்பட்டனர்.

குற்றம் செய்தவர் உறவினராக இருக்கும்போது புகார் ஆண்டுக்கணக்கில் தாமதமாகலாம். 2017 ஆம் ஆண்டின் இமாச்சலப் பிரதேச வழக்கில், ஒன்பது வயதில் நிகழ்ந்தது மூன்று ஆண்டுகள் கழித்தே வெளிவந்தது. உயர் நீதிமன்றம் இத்தாமதத்தைப் பெரிதாகக் கொண்டு விடுவித்தது. உச்ச நீதிமன்றம், மிரட்டப்பட்ட சிறுமி வாய் திறக்காததற்கும் குடும்பம் தயங்கியதற்கும் போதிய விளக்கம் உள்ளதெனக் கூறித் தண்டனையை மீட்டது.

இவ்வாறான அணுகுமுறை எப்போதும் இருந்ததில்லை. 1972 இல் மகாராட்டிரத்தில் காவல் நிலையத்திற்குள் ஒரு சிறுமிக்கு இழைக்கப்பட்ட குற்றத்தில், உயர் நீதிமன்றம் விதித்த தண்டனையை உச்ச நீதிமன்றம் 1978 இல் நீக்கியது. உடலில் காயம் இல்லை, எதிர்ப்புக் காட்டியதற்கு அடையாளம் இல்லை என்பன அதன் காரணங்கள். உபேந்திர பக்சி, இலோதிகா சர்க்கார், வசுதா தாகம்வார், இரகுநாத் கேல்கர் ஆகிய நான்கு சட்டப் பேராசிரியர்கள் 1979 இல் தலைமை நீதிபதிக்குத் திறந்த மடல் எழுதினர். நாடெங்கும் எழுந்த எதிர்ப்பின் பயனாக 1983 இல் சட்டம் திருத்தப்பட்டு, காவலில் நிகழும் வன்புணர்வில் இசைவின்மையை அனுமானிக்கும் பிரிவு 114அ சான்றுச் சட்டத்தில் சேர்க்கப்பட்டது.

வயதை மெய்ப்பித்தல்

போக்சோ வழக்கின் நுழைவாயில் வயது. பாதிக்கப்பட்டவர் 18 வயதுக்குக் கீழ்ப்பட்டவர் என்பது மெய்ப்பிக்கப்படாவிட்டால் அச்சட்டமே பொருந்தாது. சட்டத்துடன் முரண்பட்ட சிறாரின் வயதைக் கணிக்கும் விதியையே பாதிக்கப்பட்டவருக்கும் பயன்படுத்தலாம் என 2013 இல் உச்ச நீதிமன்றம் கூறியது. இன்று 2015 ஆம் ஆண்டின் சிறார் நீதிச் சட்டத்தின் பிரிவு 94 பின்பற்றப்படுகிறது. பள்ளியின் பிறந்தநாள் சான்றிதழ் அல்லது பத்தாம் வகுப்புச் சான்றிதழ் முதலில். அவை இல்லையெனில் உள்ளாட்சி அமைப்பின் பிறப்புச் சான்றிதழ். அதுவும் இல்லாதபோது மட்டும் எலும்பு வளர்ச்சிச் சோதனை. அச்சோதனையில் இரண்டு ஆண்டுகள் வரை முன்பின் ஆகலாம் என்பது 1982 முதல் ஏற்கப்பட்ட கருத்து.

தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் இது முடிவைத் தீர்மானித்தது. சென்னை உயர் நீதிமன்றம் உறுதி செய்திருந்த போக்சோ குற்றத்தீர்ப்பை 2023 சூலையில் உச்ச நீதிமன்றம் நீக்கியது. அரசுத் தரப்பு காட்டியது பள்ளி மாற்றுச் சான்றிதழ். அது பிரிவு 94 குறிப்பிடும் ஆவணம் அன்று. மருத்துவ ஆய்வோ வயதை 18 க்கு மேல் என்றது. அரசுத் தரப்பு ஒரு பிறப்புச் சான்றிதழைத் தேடிக் கொணர்ந்திருந்தால் வழக்கின் போக்கு வேறாக இருந்திருக்கலாம்.

16 முதல் 18 வயதினரிடையே விருப்பத்துடன் ஏற்படும் உறவுகள் இச்சட்டத்தில் சிக்குவது தனிச் சிக்கல். 2019 இல் மேல்முறையீடு ஒன்றை விசாரித்த சென்னை உயர் நீதிமன்றம், 16 வயதுக்கு மேற்பட்டோரின் இசைவான உறவை விலக்குவது பற்றி நாடாளுமன்றம் சிந்திக்கலாம் என்று பரிந்துரைத்தது. கொல்கத்தா உயர் நீதிமன்றம் 2023 இல் இத்தகைய வழக்கு ஒன்றில் அளித்த விடுதலையை உச்ச நீதிமன்றம் 2024 இல் நீக்கிக் குற்றத்தை உறுதி செய்தது. ஆனால் 2025 மே மாதத்தில், அவ்வழக்கின் தனிச் சூழ்நிலைகளைக் கருதித் தண்டனை எதுவும் விதிக்கவில்லை.

அனுமானமும் அறிவியல் சான்றும்

போக்சோ சட்டத்தின் பிரிவு 29, குறிப்பிட்ட குற்றங்களில் குற்றம் சாட்டப்பட்டவரே அதைச் செய்தார் என்று, மாறாக மெய்ப்பிக்கப்படும் வரை, நீதிமன்றம் அனுமானிக்க வேண்டும் என்கிறது. சொற்களை அப்படியே எடுத்துக்கொண்டால் மேல்முறையீட்டில் ஆராய எதுவுமே மிஞ்சாது. எனவே உயர் நீதிமன்றங்கள் பலவும், நிகழ்வு, வயது முதலிய அடிப்படைச் செய்திகளை அரசுத் தரப்பு முதலில் நிறுவ வேண்டும். அதன் பின்னரே அனுமானம் எழும் எனப் பொருள் கொண்டுள்ளன.

உடலில் காயம் இல்லாமை குற்றம் நடக்கவில்லை என்பதற்குச் சான்றாகாது என்பது இன்று நிலைபெற்ற விதி. இருவிரல் சோதனையை 2013 இல் தவறென்று கூறிய உச்ச நீதிமன்றம், 2022 இல் அதைச் செய்வோர் தவறான நடத்தைக்குப் பொறுப்பாவர் என்றது.

குழந்தை கொல்லப்பட்ட வழக்குகளில் சாட்சி சொல்லக் குழந்தை இல்லை. அங்கே சூழ்நிலைச் சான்றுகளின் சங்கிலியே எல்லாம். இவ்வகை வழக்குகளில் உச்ச நீதிமன்றம் அண்மைக் காலத்தில் பல மரணதண்டனைகளை நீக்கி விடுதலை வழங்கியுள்ளது. 2022 இல் உத்தரப் பிரதேச வழக்கில், குற்றம் சாட்டப்பட்டவரை மருத்துவ ஆய்வுக்கே உட்படுத்தாதது குறையாயிற்று. 2023 இல் மகாராட்டிர வழக்கில் மரபணு மாதிரிகள் தாமதமாக அனுப்பப்பட்டதும், இடையில் அவை எவ்வாறு பாதுகாக்கப்பட்டன என்பதற்கு விளக்கம் இல்லாததும் காரணமாயின.

தமிழ்நாட்டில் பெரும் கவனத்தைப் பெற்றது, 2017 இல் சென்னைப் புறநகரில் ஏழு வயதுச் சிறுமி கொல்லப்பட்ட வழக்கு. செங்கல்பட்டு மகளிர் நீதிமன்றம் 2018 பிப்பிரவரியில் மரணதண்டனை விதித்தது. அதே ஆண்டு சென்னை உயர் நீதிமன்றம் அதனை உறுதி செய்தது. 2025 அக்டோபர் 8 அன்று உச்ச நீதிமன்றம் குற்றம் சாட்டப்பட்டவரை விடுவித்தது. சிறுமியுடன் கடைசியாகக் காணப்பட்டார் என்பதும், கண்காணிப்புப் படக்கருவிப் பதிவும், தடய அறிவியல் சான்றும் ஐயமற நிறுவப்படவில்லை என்று நீதிமன்றம் கண்டது. இத்தகைய தீர்ப்புகள் வெளிவரும்போது பொதுமக்களின் சினம் நீதிமன்றத்தின் மீதே திரும்புகிறது. தீர்ப்புகளைப் படித்தால், சங்கிலி அறுந்த இடம் பெரும்பாலும் புலனாய்வின் முதல் சில நாள்களில் இருப்பதைக் காணலாம்.

மறுவிசாரணையும் குழந்தையும்

மேல்முறையீட்டு நீதிமன்றம் கூடுதல் சாட்சியம் பெறலாம், மறுவிசாரணைக்கும் அனுப்பலாம். ஆனால் குழந்தையைத் திரும்பத் திரும்ப நீதிமன்றத்திற்கு அழைக்கக் கூடாது என்கிறது போக்சோ சட்டத்தின் பிரிவு 33(5). கேள்விகளை வழக்குரைஞர் நேரே கேட்காமல் நீதிபதி வழியாகவே கேட்க வேண்டும். குற்றம் சாட்டப்பட்டவர் குழந்தையின் கண்ணில் படலாகாது. வழக்கை நீதிமன்றம் எடுத்துக்கொண்ட 30 நாள்களுக்குள் குழந்தையின் சாட்சியம் பதிவாக வேண்டும் என்ற விதிகளும் உள்ளன. திரை அமைப்பது, இடையே ஓய்வு தருவது போன்றவற்றை 2004 ஆம் ஆண்டிலேயே உச்ச நீதிமன்றம் வலியுறுத்தியிருந்தது. 2022 சனவரியில், எளிதில் பாதிப்புறும் சாட்சிகளுக்கான சிறப்புச் சாட்சியப் பதிவு மையங்களை அமைக்க அனைத்து உயர் நீதிமன்றங்களுக்கும் ஆணையிட்டது.

முன்விசாரணை சரியாக நடக்கவில்லை என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் கண்டால், அதன் முன் இருக்கும் தேர்வுகள் இரண்டுமே கடினமானவை. மறுவிசாரணைக்கு அனுப்பினால், பத்து வயதில் நடந்ததை இருபது வயதில் மீண்டும் ஒரு கூண்டில் நின்று அவர் சொல்ல வேண்டும். அதற்குள் நினைவும் மங்கியிருக்கும். அனுப்பாவிட்டால், குறையுள்ள அதே பதிவேட்டைக் கொண்டே விடுதலையோ தண்டனையோ தர வேண்டும். 2023 ஆம் ஆண்டின் அரியானா வழக்கில் நீதிமன்றம் இரண்டாவதைத் தேர்ந்து விடுவித்தது. 2025 ஆம் ஆண்டின் இராசத்தான் வழக்கில் அதே வழியில் சென்று தண்டனையை மீட்டது.